மெய்ராஸ் மாளிகை யாருடையது? சர்வாதிகாரி குடும்பத்தின் சொத்து வழக்கு, அடிப்படையிலிருந்து

நாட்டின் தலைவருக்கு ஒரு மாளிகை பரிசாகக் கொடுக்கப்பட்டது. அரசுப் பணத்தில் அது பராமரிக்கப்பட்டது. அவர் இறந்த பிறகு மனைவி அதைத் தன் சொத்தாகவே வைத்துக்கொண்டார். பிறகு மகள், அதன் பிறகு பேரப்பிள்ளைகள். பதிவேட்டில் இருப்பது அந்தத் தலைவரின் சொந்தப் பெயர். அப்படியானால் மாளிகை குடும்பத்துக்கா, அரசுக்கா?

இந்தக் கேள்வியைப் புரிந்துகொள்ள, 1975 வரை ஸ்பெயினைச் சர்வாதிகாரியாக ஆண்ட பிரான்சிஸ்கோ பிராங்கோவின் குடும்பம் வைத்திருந்த மெய்ராஸ் மாளிகை வழக்கைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைப்பது அரிது. மாளிகையை மீட்க அங்கே தனிச் சட்டம் எதுவும் போடவில்லை. பறிமுதல் ஆணையும் இல்லை. 1889-ஆம் ஆண்டு முதல் நடப்பில் இருக்கும் சிவில் சட்டத்தொகுப்பை வைத்து, மற்ற எல்லாரையும் போல அரசும் ஒரு வாதியாக நீதிமன்றப் படியேறி வழக்காடியது. ஆகவே இங்கே வரும் விஷயங்கள் எல்லாம் சொத்து வழக்கு பார்த்தவர்களுக்குப் பழக்கமானவைதான்: மூலப்பத்திரம், கிரயம், தானம், பதிவு, சுவாதீனம் (சொத்தைக் கைவசம் வைத்திருப்பது), அனுபவ பாத்தியம் (நெடுங்காலம் வைத்திருந்ததால் வரும் உரிமை).

முதலில் இடத்தைத் தெரிந்துகொள்வோம். ஸ்பெயினின் வடமேற்கு மூலையில் உள்ள கலீசியா பகுதியில், ஆ கொருன்யா நகரத்துக்கு அருகே, சாடா நகராட்சிக்குள் மெய்ராஸ் இருக்கிறது. அந்தப் பக்கத்து நாட்டுப்புறப் பிரபுக்களின் மாளிகையைப் 'பாசோ' என்பார்கள். இந்தப் பாசோவைக் கட்டியவர் எமிலியா பார்தோ பாசான் (1851–1921). ஸ்பானிய இலக்கியத்தின் பெரிய நாவலாசிரியர்களுள் ஒருவர்; பெண்கல்விக்காக ஓயாமல் எழுதியவர்; மத்ரித் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் பதவி பெற்ற முதல் பெண். குடும்பத்தின் பழைய பண்ணை இருந்த இடத்தில், தம் தாயோடு சேர்ந்து, 1893-இல் தொடங்கி மூன்று கோபுரங்கள் கொண்ட இந்த மாளிகையை எழுப்பினார். ஒரு கோபுரத்தை எழுதுவதற்கென்றே ஒதுக்கினார். சர்வாதிகாரியின் கோடைமாளிகை என்றே உலகம் அறிந்த இந்த வீடு, ஓர் எழுத்தாளர் தம் வேலைக்காகத் தாமே திட்டமிட்டுக் கட்டிய வீடு. அந்த உண்மை ஏறத்தாழ எண்பது ஆண்டுகள் மறைந்து கிடந்தது என்பதே இந்த விவகாரத்தின் பெரிய இழப்பு.

1936-இல் உள்நாட்டுப் போர் மூண்டதும் எமிலியாவின் மகனும் பேரனும் மத்ரித்தில் கொல்லப்பட்டார்கள். மாளிகை மருமகள் மனுவேலா எஸ்தேபன் கொல்யாந்தெஸ் கைக்கு வந்தது. வழக்கில் வரும் இரண்டு கிரயங்களிலும் விற்பவர் இவர்தான். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

பணம் எங்கிருந்து வந்தது என்பது அடுத்த கேள்வி. எந்தச் சொத்துத் தகராறிலும் முதலில் தேட வேண்டியது இதைத்தான். 1938-இல், போர் இன்னும் நடந்துகொண்டிருந்தபோதே, ஆ கொருன்யாவில் பிராங்கோவின் ஆதரவாளர்கள் ஒரு குழுவை அமைத்தார்கள். வங்கியாளர் பெத்ரோ பர்ரியே தெ லா மாசாவும், மாகாணத்தின் சிவில் ஆளுநர் ஹூலியோ முன்யோஸ் அகிலாரும் அதில் முக்கியமானவர்கள். கலீசியாவில் பிறந்த பிராங்கோவுக்குக் கலீசியாவிலேயே ஒரு கோடைமாளிகை வாங்கித் தருவதுதான் குழுவின் நோக்கம். பெயருக்கு அது மக்கள் நன்கொடை. நடந்ததோ வேறு. நகராட்சிகள் தங்கள் நிதியிலிருந்து பங்கு கொடுத்தன. அரசு ஊழியர்களின் சம்பளத்தில் பிடித்தம் நடந்தது. வீடு வீடாகப் போய் வசூலித்தார்கள். எதிர்க்கருத்து உள்ளவர்களைச் சுட்டுக்கொன்றுகொண்டிருந்த காலம் அது; வாசலில் வந்து நிற்கும் வசூல்காரரிடம் 'இல்லை' என்று சொல்ல யாருக்கும் துணிவு வராது. மாளிகையைச் சுற்றியிருந்த விவசாயிகளின் நிலங்களும் பிறகு எல்லைக்குள் சேர்க்கப்பட்டன. அந்தக் குடும்பங்களுக்கும் மறுத்துப் பேச வழி இருக்கவில்லை.

இனி பத்திரங்கள். வழக்கின் முடிச்சு இங்கேதான் இருக்கிறது.

முதல் பத்திரம் 1938 ஆகஸ்ட் 3-இல் எழுதப்பட்டது. மனுவேலா விற்கிறார், குழு வாங்குகிறது. விலை ஏறக்குறைய 4 லட்சம் பெசெத்தா (ஸ்பெயினின் அன்றைய நாணயம்). இது உண்மையான கிரயம்: விற்பவரும் வாங்குபவரும் இருக்கிறார்கள், பணம் கைமாறியிருக்கிறது. அந்த ஆண்டு டிசம்பர் 5-இல் பிராங்கோ மாளிகைக்கு வந்து பரிசை ஏற்றுக்கொண்டார். அலங்கார எழுத்தில் தீட்டிய தோலேடு ஒன்று அப்போது அவரிடம் கொடுக்கப்பட்டது. நகரமும் மாகாணமும் சேர்ந்து 'அரசின் தலைவருக்கு' அளிக்கும் காணிக்கை என்பது அதன் சாரம்.

இங்கே இரண்டு சட்டச் சிக்கல்கள் எழுகின்றன. ஒன்று, தானம் பெற்றவர் யார்? பிராங்கோ என்ற தனிமனிதரா, அரசின் தலைவர் என்ற பதவியா? பதவிக்குக் கொடுத்ததென்றால், பதவி போகும்போது சொத்து அடுத்தவருக்கு, அதாவது அரசுக்கே, போக வேண்டும். இரண்டாவது சிக்கல் தானத்தின் வடிவம். ஸ்பானிய சிவில் சட்டத்தின் 633-ஆம் பிரிவுப்படி, அசையாச் சொத்தைத் தானம் செய்தால் பொதுப் பத்திரம் மூலமாகவே செய்ய வேண்டும். ஏற்றுக்கொள்வதும் முறைப்படி பதிவாக வேண்டும். தோலேடு எவ்வளவு அழகாக இருந்தாலும் அது பத்திரம் ஆகாது. ஆகவே தானம் வடிவக் குறையால் செல்லாது என்பதே நீதிமன்றத்தின் முடிவு.

இந்த நிலையில் பதிவேட்டில் பிராங்கோவின் பெயர் ஏற வழியில்லை. அதற்காகப் பிறந்ததுதான் இரண்டாவது பத்திரம். 1941 மே 24-இல், மூன்று ஆண்டுகளுக்கு முன்பே மாளிகையை விற்றுவிட்ட அதே மனுவேலா, அதே மாளிகையை மறுபடியும் விற்றதாக எழுதினார்கள். வாங்குபவர் பிரான்சிஸ்கோ பிராங்கோ, தம் சொந்தப் பெயரில். விலை 85,000 பெசெத்தா. 1938-இல் கொடுத்த விலையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு. இந்தப் பத்திரத்தைக் காட்டித்தான் பதிவேட்டில் பெயர் ஏறியது.

இரண்டு பத்திரங்களையும் அருகருகே வைத்தால் எவருக்கும் தெரிந்துவிடும். விற்ற சொத்தை விற்றவரே மறுபடி விற்க முடியாது. அவரிடம் கொடுக்க ஒன்றும் மிச்சமில்லை. பிராங்கோவும் பணம் கொடுக்கவில்லை என்று நீதிமன்றம் முடிவு செய்தது. விலை இல்லாத கிரயம் கிரயமே அல்ல, போலிக் கிரயம். இது வெறும் குறைபாடு அல்ல என்பதையும் சொல்ல வேண்டும். குறைபாடுள்ள ஒப்பந்தத்தை ரத்துச் செய்யச் சில ஆண்டுக் கெடு உண்டு. கெடு தாண்டினால் வழக்கு போட முடியாது. போலி ஒப்பந்தம் பிறக்கும்போதே செத்தது. அது செல்லாது என்று அறிவிக்கக் கேட்கக் காலவரம்பு இல்லை. 1941-இல் எழுதிய பத்திரத்தை 2019-இல் எதிர்க்க முடிந்தது இதனால்தான்.

'பதிவேட்டில் பெயர் இருக்கிறதே, அது போதாதா?' என்று பலரும் கேட்பார்கள். போதாது. பதிவேட்டில் பெயர் உள்ளவரே உரிமையாளர் என்று சட்டம் ஊகிக்கிறது. அந்த ஊகத்தை ஆதாரம் காட்டி உடைக்கலாம். பதிவு செய்வதால் செல்லாத பத்திரம் செல்லுபடி ஆகிவிடாது. ஆனால் ஒரு முக்கியமான விலக்கு உண்டு. பதிவேட்டை நம்பி, நல்லெண்ணத்தோடு, பணம் கொடுத்து வாங்கிய மூன்றாம் நபரைப் பதிவுச் சட்டத்தின் 34-ஆம் பிரிவு காக்கிறது. வாரிசுகளுக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது. அவர்கள் பணம் கொடுத்து வாங்கியவர்கள் அல்ல. இறந்தவரிடம் இருந்தது எதுவோ அதுதான் அவர்களுக்கு வரும், அவரிடம் இல்லாதது வராது. 2018-இல் பிராங்கோ குடும்பம் மாளிகையை 80 லட்சம் யூரோவுக்கு விற்பனைக்கு விட்டபோது கலீசியாவே பதறியது இதனால்தான். வெளியார் ஒருவர் விவரம் தெரியாமல் வாங்கிவிட்டால் மீட்பது பல மடங்கு கடினமாகியிருக்கும். இப்படிப்பட்ட வழக்கில் வாதி முதல் வேலையாகச் செய்ய வேண்டியது, வழக்கு நடக்கிறது என்ற குறிப்பைப் பதிவேட்டில் ஏற்றும்படி நீதிமன்றத்தைக் கேட்பது. குறிப்பு ஏறிவிட்டால் அதன் பிறகு வாங்குபவர் 'எனக்குத் தெரியாது' என்று சொல்ல முடியாது.

தானமும் செல்லாது, இரண்டாம் கிரயமும் போலி என்றால், அரசுக்கு மட்டும் உரிமை எங்கிருந்து வருகிறது? பலர் தடுமாறும் இடம் இது. தானமும் இரண்டாம் கிரயமும் விழுந்துவிட்டால் மிஞ்சுவது சுவாதீனம். சொத்தை யார், எந்த நிலையில், எத்தனை ஆண்டு வைத்திருந்தார்கள் என்பதே தீர்மானிக்கும்.

அனுபவ பாத்தியம் கோர, சுவாதீனம் எப்படி இருக்க வேண்டும் என்று சிவில் சட்டத்தின் 1941-ஆம் பிரிவு சொல்கிறது (பிரிவு எண்ணும் போலிக் கிரயத்தின் ஆண்டும் ஒன்றாக அமைந்தது தற்செயல்). உரிமையாளர் என்ற நிலையில் இருக்க வேண்டும். வெளிப்படையாக இருக்க வேண்டும். அமைதியாக இருக்க வேண்டும். இடையில் அறுபடாமல் இருக்க வேண்டும். முறையான ஆவணமும் நல்லெண்ணமும் இருந்தால் குறைந்த ஆண்டுகள் போதும். இரண்டும் இல்லாவிட்டால், 1959-ஆம் பிரிவின்படி 30 ஆண்டுகள். நான்கு நிபந்தனைகளில் வழக்கைத் தீர்மானிப்பது பெரும்பாலும் முதலாவதுதான். வாடகைக்கு இருப்பவர் ஐம்பது ஆண்டு இருந்தாலும் உரிமையாளர் ஆவதில்லை. அவர் வேறொருவரின் சொத்தில் இருக்கிறோம் என்று ஒப்புக்கொண்டு இருப்பவர்.

மெய்ராஸில் உரிமையாளர் போல நடந்துகொண்டது யார்? பிராங்கோ கோடைதோறும் குடும்பத்தோடு வந்து தங்கினார். ஆகஸ்டில் அமைச்சரவைக் கூட்டம் அங்கேயே நடந்தது. வெளிநாட்டு விருந்தினர்கள் அங்கே வரவேற்கப்பட்டார்கள். நிர்வாகத்தைப் பார்த்தது அரசுத் தலைவரின் அலுவலகம். காவலுக்கு நின்றது அரசின் காவல்படை. ஊழியர் சம்பளமும் கட்டுமானச் செலவும் பராமரிப்பும் பொதுப் பணம். ஆக, அது அரசுத் தலைவரின் கோடைகால அதிகாரபூர்வ இல்லம். அதை உரிமையாளராக வைத்திருந்தது அரசு. பிராங்கோ குடும்பம் அங்கே இருந்தது அவர் வகித்த பதவியால். 1975 வரை கணக்கிட்டாலே 30 ஆண்டுகள் நிறைந்துவிடுகின்றன.

இந்த வழக்கில் நாங்கள் மிக முக்கியமாகக் கருதுவது இதைத்தான். தனக்கும் அரசுக்கும் வேறுபாடே இல்லை என்று பிராங்கோ ஆண்டார். ஆகவே தோட்டக்காரரின் கூலி முதல் கூரை ஓடு வரை எல்லாவற்றையும் அரசுக் கணக்கில் எழுதினார்கள். அந்தக் கணக்குகள் ஆவணக்காப்பகங்களில் பத்திரமாக இருந்தன. அவையே பிற்காலத்தில் அவருடைய வாரிசுகளுக்கு எதிரான சாட்சியாயின. இது போன்ற வழக்கை ஆராய்பவர்கள் பத்திரத்தைத் தேடுவதோடு நின்றுவிடக் கூடாது. சம்பளப் பட்டியல், பழுதுபார்ப்புச் செலவுச்சீட்டு, மின்சாரம், தண்ணீர், காவலர் பணி ஒதுக்கீடு, நகராட்சித் தீர்மானம், அந்தக் காலச் செய்தித்தாள் என்று எல்லாவற்றையும் சேகரிக்க வேண்டும். உரிமைப்பத்திரத்தைப் பொய்யாக எழுதுவது எளிது. முப்பது ஆண்டுச் செலவுக் கணக்கைப் பொய்யாக எழுத முடியாது. மெய்ராஸ் விஷயத்தில் இந்த வேலையின் பெரும்பகுதியை உள்ளூர் ஆய்வாளர்களும், பிராங்கோ காலக் கொடுமைகளின் நினைவை மீட்கும் இயக்கத்தினரும் பல ஆண்டுகள் செய்தார்கள். அவர்கள் திரட்டியதன் மேல்தான் அரசின் வழக்கு நின்றது.

இனி கார்மென் போலோ. 1900-இல் பிறந்தவர், 1923-இல் பிராங்கோவை மணந்தார். 1975 நவம்பர் 20-இல் பிராங்கோ இறந்த சில நாட்களிலேயே மன்னர் ஹுவான் கார்லோஸ் அவருக்கு 'மெய்ராஸ் சீமாட்டி' என்ற பிரபுப் பட்டத்தை அளித்தார். பட்டத்தில் ஊர்ப்பெயர் இருப்பதால் ஊரிலுள்ள மாளிகை அவருக்கு உரியது என்று பலரும் எண்ணிக்கொண்டார்கள். பிரபுப் பட்டம் ஒரு கௌரவம் மட்டுமே. அதனால் ஒரு சதுர அடி நிலம்கூட உரிமையாகாது. 2022-ஆம் ஆண்டின் ஜனநாயக நினைவுச் சட்டம் அந்தப் பட்டத்தையும் நீக்கிவிட்டது.

அவர் 1976-இல் செய்ததைக் கவனித்தால் விஷயம் தெளிவாகும். மத்ரித்துக்கு அருகே உள்ள எல் பார்தோ அரண்மனையிலும் பிராங்கோ குடும்பம் பல பத்தாண்டுகள் வாழ்ந்தது. அது அரசுச் சொத்து என்பதில் யாருக்கும் ஐயம் இருக்கவில்லை. 1976 தொடக்கத்தில் கார்மென் போலோ அங்கிருந்து வெளியேறினார். மெய்ராஸை விடவில்லை. இரண்டும் ஒரே தலைவரின் அதிகாரபூர்வ இல்லங்கள். இரண்டையும் பராமரித்தது ஒரே கருவூலம். வேறுபாடு 1941-இன் அந்த ஒரு பத்திரம்தான். புதிதாகப் பிறந்த ஜனநாயக அரசும் அதைக் கேள்வி கேட்கவில்லை. மாறாக, 1990 வரை மாளிகையின் செலவில் பங்கேற்றுக்கொண்டே இருந்தது. 1978-இல் மாளிகையில் தீப்பிடித்தது. 1988-இல் கார்மென் போலோ இறந்தார். அவருக்குப் பின் மகள் கார்மென் பிராங்கோ 2017 டிசம்பரில் இறக்கும் வரை வைத்திருந்தார்.

அரசின் இந்த மௌனம் குடும்பத்துக்குச் சாதகமாகாதா? ஓரளவு ஆகியிருக்கலாம். குடும்பமும் தன் பங்குக்கு அனுபவ பாத்தியம் கோரியது. ஆனால் 1975 வரையிலான காலம் அவர்கள் கணக்கில் சேராது. அப்போது வைத்திருந்தது அரசு. அரசு செலவு செய்துகொண்டிருந்த 1990 வரையும் குடும்பம் தனி உரிமையாளராக நடந்துகொண்டது என்று சொல்வது கடினம். 1990 முதல் வழக்கு போடப்பட்ட 2019 வரை கூட்டிப் பாருங்கள்: 30 ஆண்டு நிறையவில்லை. அரசு இன்னும் சில ஆண்டு தாமதித்திருந்தால் வாதம் வேறு திசையில் போயிருக்கக்கூடும். இது எங்கள் கணிப்பு. ஆனால் சுவாதீன வழக்கில் தாமதம் எவ்வளவு ஆபத்தானது என்பதை அந்தக் கணக்கு காட்டுகிறது.

இடையில் 2008-இல் கலீசிய அரசு மாளிகையைப் பண்பாட்டு முக்கியத்துவமுள்ள சொத்தாக அறிவித்தது. இதனால் உரிமை மாறாது. ஆனால் உரிமையாளருக்குக் கடமைகள் வருகின்றன: மாதத்துக்கு நான்கு நாட்கள் பொதுமக்களை அனுமதிக்க வேண்டும், அனுமதியின்றி எதையும் மாற்றக் கூடாது. 2011 முதல் மக்கள் உள்ளே போனார்கள். 2017-இல் பார்வையாளர்களை அழைத்துச் செல்லும் பொறுப்பு பிராங்கோவைப் போற்றும் அறக்கட்டளை ஒன்றிடம் போனபோது எதிர்ப்பு வெடித்தது. அந்த எதிர்ப்பே அரசை நீதிமன்றத்துக்குத் தள்ளியது.

2019 ஜூலையில் ஸ்பானிய அரசு வழக்கு தொடுத்தது. கலீசிய அரசும், மாகாண சபையும், ஆ கொருன்யா, சாடா நகராட்சிகளும் அதன் பக்கம் நின்றன. 2020 செப்டம்பர் 2-இல் ஆ கொருன்யாவின் முதல் நிலை நீதிமன்றத் தீர்ப்பு வெளியானது: மாளிகை அரசுடையது, 1941-இன் கிரயம் போலி, குடும்பம் ஒப்படைக்க வேண்டும், பராமரிப்புச் செலவுக்கு இழப்பீடு கிடையாது. டிசம்பர் 10-இல் மாளிகை அரசின் கைக்கு வந்தது. 2021 பிப்ரவரியில் மாகாண மேல்முறையீட்டு நீதிமன்றம் உரிமை பற்றிய முடிவை உறுதிசெய்தது; செலவு பற்றிய பகுதியை மட்டும் மாற்றியது.

அந்த மாற்றம் பலருக்கும் அநீதியாகப் பட்டது. அதன் காரணத்தைப் புரிந்துகொள்வது நல்லது. பிறர் சொத்தை வைத்திருந்தவர் அதைத் திருப்பிக் கொடுக்கும்போது, சொத்து அழியாமலிருக்கச் செய்த அவசியச் செலவைச் சட்டம் எல்லாருக்கும் தரச் சொல்கிறது. மதிப்பைக் கூட்டிய பயனுள்ள செலவு, நல்லெண்ணத்தோடு வைத்திருந்தவருக்கு மட்டும் உண்டு. அழகுக்காகச் செய்த செலவுக்கு எதுவும் இல்லை. பேரப்பிள்ளைகள் 1941-இல் அந்தப் பத்திரத்தை எழுதியவர்கள் அல்ல. அரசே நாற்பது ஆண்டுக்கு மேல் எதிர்ப்புச் சொல்லாமல் இருந்தது. எனவே வழக்கு வரும் வரை அவர்கள் நல்லெண்ணத்தோடு வைத்திருந்ததாகவே கொள்ள வேண்டும் என்றது மேல்முறையீட்டு நீதிமன்றம். எங்கள் பார்வையில் இது கசப்பான முடிவு. ஆனால் அரசு சோம்பி இருந்ததன் விலை அது.

கட்டடம் கிடைத்ததோடு எல்லாம் முடிந்துவிடவில்லை. உள்ளே இருந்த பொருட்கள் தனி வழக்கு. எமிலியாவின் நூலகத்தின் ஒரு பகுதி, ஓவியங்கள், மரச்சாமான்கள், கல்வேலைகள் எல்லாம் அங்கே இருந்தன. அசையும் பொருளில் சட்டம் வேறு மாதிரி நடக்கிறது: நல்லெண்ணத்தோடு கையில் வைத்திருப்பதே உரிமைப்பத்திரத்துக்குச் சமம், அனுபவ பாத்தியத்துக்கு வேண்டிய ஆண்டுகளும் மிகக் குறைவு. லாரியில் ஏற்றிக்கொண்டு போய்விடலாம் என்ற ஆபத்து வேறு. அதனால்தான் மாளிகை கைமாறும் முன்பே, அறை அறையாக என்னென்ன இருக்கிறது என்று பட்டியல் எடுக்க நீதிமன்றம் உத்தரவிட்டது. இப்படிப்பட்ட வழக்கில் இருப்புப் பட்டியலைத் தீர்ப்புக்குப் பிறகு எடுத்துக்கொள்ளலாம் என்று விடுவது பெரும் பிழை.

பொருள் வழக்குகள் எவ்வளவு கடினம் என்பதை ஆபிரகாம், ஈசாக்கு சிலைகள் காட்டுகின்றன. பன்னிரண்டாம் நூற்றாண்டின் சிற்பி மத்தேயோவின் பட்டறையில், சந்தியாகோ தெ கொம்பொஸ்தேலா பேராலயத்துக்காகச் செதுக்கப்பட்ட கற்சிலைகள் இவை. 1948-இல் ஒரு பிரபுவிடமிருந்து சந்தியாகோ நகராட்சி இவற்றை விலைக்கு வாங்கியது. 1950-களில் கார்மென் போலோவுக்கு இவை பிடித்துப்போயின. பிறகு பிராங்கோ குடும்பத்தின் வசம் இருந்தன. நகராட்சி 2019-இல் முதல் நிலையில் தோற்றது. 1948-இல் வாங்கிய சிலைகளும் குடும்பத்திடம் இருக்கும் சிலைகளும் ஒன்றே என்று நிரூபிக்கப்படவில்லை என்றது நீதிமன்றம். வாங்கும்போது அளவு, எடை, உடைந்த பகுதி, புகைப்படம் எதையும் பத்திரத்தோடு சேர்த்து வைக்காவிட்டால் இப்படித்தான் ஆகும். பல ஆண்டு மேல்முறையீட்டுக்குப் பிறகே உச்ச நீதிமன்றம் நகராட்சியின் பக்கம் தீர்ப்பளித்தது.

கார்மென் போலோவின் பெயரோடு நேரடியாக இணைந்த கட்டடம் இன்னொன்றும் உண்டு. ஆ கொருன்யாவின் பழைய நகரத்தில் இருக்கும் பதினெட்டாம் நூற்றாண்டு கோர்னிதே மாளிகை. 1962-இல் நகராட்சி அதைப் பொது ஏலத்துக்கு விட்டது. ஏலம் எடுத்தவர் மெய்ராஸ் குழுவில் இருந்த அதே பர்ரியே தெ லா மாசா. அவரிடமிருந்து அது கார்மென் போலோவுக்குப் போனது. இதில் தானக் குறையும் இல்லை, இரட்டைக் கிரயமும் இல்லை. காகிதத்தில் எல்லாம் ஒழுங்காகத் தெரிகிறது. ஆகவே இதை எதிர்ப்பவர்கள் வேறு முனையில் தொடங்க வேண்டியிருக்கிறது: பொதுச் சொத்தை நகராட்சி ஏலத்துக்குக் கொண்டுவந்ததே உண்மையான நோக்கத்தோடா, அல்லது ஏலம் எடுப்பவரும் கடைசியில் பெறுபவரும் முன்பே முடிவாகியிருந்தார்களா? பினாமி வழியாகக் கைமாறிய சொத்தில் பத்திரத்தைவிட நகராட்சிக் கூட்டத்தின் தீர்மானப் புத்தகமும், ஏல அறிவிப்பும், எத்தனை பேர் ஏலம் கேட்டார்கள் என்ற விவரமும், ஏலத்துக்கும் அடுத்த கைமாற்றத்துக்கும் இடையே எத்தனை நாள் என்பதும்தான் பேசும்.